எறும்பு புல் தின்னும் ஓசை

பழைய ஜாஸ் இசைத்தட்டு ஒன்றில், மற்ற வாத்தியங்கள் ஓய்ந்து டிரம்ஸ் மட்டும் ஓரிரு நொடி தனித்து ஒலிக்கும். அந்தத் துணுக்கை வெட்டியெடுத்து, வேகத்தைக் கூட்டி, அடிகளை முன்பின்னாக மாற்றி அடுக்கினால், எந்தக் கையும் வாசித்திராத தாளம் ஒன்று கிடைக்கும். இப்படி எடுக்கும் துணுக்குக்கு சாம்பிள் என்று பெயர். இதை வைத்தே முழு இசைவாழ்வையும் அமைத்துக்கொண்டவர் ஆமன் டோபின்.

1972இல் ரியோ டி ஜெனிரோவில் பிறந்தவர். இங்கிலாந்தில் பிரைட்டன் நகரில் இசை செய்யத் தொடங்கி, 1996இல் கூஜோ என்ற புனைபெயரில் முதல் ஆல்பம் தந்தார். மறு ஆண்டு சொந்தப் பெயரில் வந்த 'பிரிகோலாஜ்' ஆல்பத்தை நிஞ்சா டியூன் நிறுவனம் வெளியிட்டது. பிறர் வாசித்த இசைத்தட்டுகளே அன்று அவருக்கு மூலப்பொருள்.

2005இல் அவர் இசையமைத்த ஒரு வீடியோ கேம் வெளிவந்தது. 'ஸ்ப்ளின்டர் செல்' வரிசையில் 'கேயாஸ் தியரி'. இருட்டில் பதுங்கி, காவலர் கண்ணில் படாமல் நகரும் உளவாளியின் கதை. சினிமாவுக்கு இசையமைப்பவருக்குக் காட்சியின் நீளம் நொடிக்கணக்கில் தெரியும். கேமில் அது ஆடுபவர் கையில் இருக்கிறது. அவர் தூணுக்குப் பின்னால் ஒரு நிமிடம் நிற்கலாம், கால் மணி நேரமும் நிற்கலாம். எப்போது மாட்டிக்கொள்வார் என்று யாருக்குத் தெரியும்? ஆகவே இசையை ஒன்றன்மேல் ஒன்று ஏறக்கூடிய அடுக்குகளாகச் செய்ய வேண்டியிருந்தது. பதுங்கியிருக்கையில் மெல்லிய அடுக்கு. காவலருக்குச் சந்தேகம் வந்தால் கனமான தாளம் சேரும். சண்டை மூண்டால் எல்லாம் ஒன்றாக முழங்கும். வெட்டி ஒட்டியே பழகியவருக்கு இது கைவந்த வேலை என்பது என் எண்ணம். அடுத்த ஆண்டு வெளிவந்த, ஹங்கேரிய இயக்குநர் பால்ஃபி கியர்கியின் 'டாக்சிடெர்மியா' படத்துக்கும் இசையமைத்தார்.

2007இல் வந்த 'ஃபோலி ரூம்' ஆல்பம்தான் எனக்கு மிகவும் நெருக்கமானது. படத்தில் நடிகர் நடக்கும் காலடியையும் கதவு சாத்தும் ஒலியையும் ஸ்டுடியோவில் தனியே உண்டாக்கிப் பதிவு செய்வார்களே, அந்த அறைக்குத்தான் இந்தப் பெயர். இம்முறை டோபின் இசைத்தட்டுகளை ஓரமாக வைத்துவிட்டு மைக்கை எடுத்துக்கொண்டு வெளியே கிளம்பினார். புலியின் உறுமல், குளிக்கும்போது பாடும் அண்டைவீட்டார், எறும்பு புல் தின்னும் ஓசை என்று எல்லாவற்றையும் பதிவு செய்தார். அதுவரை அடுத்தவர் கேட்டுத் தேர்ந்து பதித்த ஒலியில் வேலை செய்தவர், இங்கே தாமே முதல் செவியாக நின்றார். சாம்பிள் இசையைத் திருட்டு என்று ஒதுக்குவோர் இந்த ஒரு ஆல்பத்தையாவது கேட்க வேண்டும் என்று உண்மையாகவே விரும்புகிறேன்.

பிறகு 2011இல் 'ஐசாம்'. அதில் தன் குரலையே உருமாற்றிப் பெண் குரலாக்கிப் பாடினார். மேடையில் பெரிய பெரிய கனசதுரங்களை அடுக்கி, அவற்றின் மீது ஒளிப்படங்களைப் பாய்ச்சி, அந்தக் குவியலுக்குள்ளேயே உட்கார்ந்து இசை வழங்கினார்.

புதிதாகக் கேட்பவர்கள் 'ஃபோலி ரூம்' ஆல்பத்தின் முதல் இசைத்துண்டான 'பிளட்ஸ்டோனி'லிருந்து தொடங்குங்கள். க்ரோனோஸ் குவார்ட்டெட் என்ற புகழ்பெற்ற நரம்பிசைக் குழு அதில் வாசித்திருக்கிறது. ஹெட்ஃபோன் போட்டுக் கேளுங்கள். சிறு ஒலிகள் ஸ்பீக்கரில் கரைந்துபோகும்.