தூரிகை தந்த சாட்சியம்
(ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



ஐரோப்பாவில் ரோமா என்றோர் இனத்தார் வாழ்கின்றனர். பிறர் அவர்களை ஜிப்ஸிகள் என்பர். அவர்தம் முன்னோர் ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகட்கு முன் வட இந்தியாவினின்று சென்றவர். தண்ணீரை அவர்கள் இன்றும் 'பானி' என்கின்றனர். நம் சிவாஜி நகர்க் கடைவீதியில் நாள்தோறும் கேட்கும் சொல்லன்றோ அது!

அவ்வினத்துக் குதிரை வாணிகக் குடும்பமொன்றில், 1933-ஆம் ஆண்டு ஆஸ்திரியாவிற் பிறந்தவர் ஓவியர் சேயா ஸ்டோய்கா. நாஜிகள் அவர் தந்தையைக் கொன்றனர். 1943-இல், பத்து வயது நிரம்பாத அச்சிறுமியைத் தாயோடும் உடன்பிறந்தாரோடும் ஆஷ்விட்ஸ் முகாமில் அடைத்தனர். கையில் 6399 என்று பச்சை குத்தினர். தம்பி அங்கேயே மாண்டான். 1944 ஆகஸ்டு 2-ஆம் நாள் இரவு, அம்முகாமில் எஞ்சியிருந்த நாலாயிரத்துக்கு மேற்பட்ட ரோமா மக்களை நச்சுப் புகையிட்டுக் கொன்றனர். வேறு முகாம்களுக்கு மாற்றப்பட்டிருந்த சேயா, 1945 ஏப்ரலில் பெர்கன்-பெல்சனில் விடுதலை பெற்றார்.

பின்னர் வியன்னாவில் கம்பளம் விற்றுப் பிழைத்தார். நெடுங்காலம் வாய் திறவாதிருந்தவர், 1988-இல் தம் கதையை நூலாக வெளியிட்டார். அதையொட்டியே தூரிகையும் ஏந்தினார். பள்ளியிற் பயின்ற கலையன்று. முள்வேலி, காக்கை, பனி இவற்றோடு சூரியகாந்திப் பூக்களையும் வரைந்தார். கையொப்பத்தருகே சிறு மரக்கிளையொன்றைத் தீட்டுவார். முகாமில் பசியாற்றிய மரத்தின் நினைவு அது. ஆயிரத்துக்கு மேற்பட்ட படைப்புகளை விட்டு, 2013-இல் மறைந்தார்.

பெரியோர்களே! இக்கொடுமை நச்சுப் புகையில் தொடங்கவில்லை. காவல்துறைப் பதிவேட்டில் தொடங்கிற்று. ஜிப்ஸிகளின் பெயர்களைத் திரட்டும் அலுவலகம் ம்யூனிக் நகரில் 1899-இலேயே அமைந்தது. அதற்கு முன்பே, 1871-இல், ஆங்கில அரசு இந்நாட்டில் குற்றப் பரம்பரைச் சட்டம் இயற்றியது. பின்னர் சென்னை மாகாணத்திலும் கள்ளர், குறவர் முதலியோர் மீது அது பாய்ந்தது. கைரேகை வைக்க மறுத்த பெருங்காமநல்லூர் மக்களில் 16 பேர் 1920-இல் சுடப்பட்டு மாண்டனர். 1952-இல் அச்சட்டம் நாடெங்கும் ஒழிந்தது.

ஏட்டிலிருந்து ஒழிந்தது நம் நாவிலிருந்து ஒழிந்ததா? சோறுண்ண மறுக்கும் குழந்தையிடம், 'குறவனிடம் பிடித்துக் கொடுப்பேன்' என்று இன்றும் மிரட்டுகிறோமே! பன்னேர்கட்டாப் பக்கத்து ஹக்கிபிக்கியரும் தமிழகத்து நரிக்குறவரும் மணி விற்க வருங்கால், அவர்தம் பெயரையும் ஊரையும் வினவி, முகமலர்ந்து பேசுவோம். பிழைப்பை நாடி ஊர்விட்டு ஊர்வந்த நமக்கு அது அரிய செயலன்று. அப்பேச்சை நம் குழந்தைகள் கேட்டு வளரட்டும்.