துணைக்கு வந்த கோப்பு



நிலப்படம் வரையும் கணினிச் செயலிகளுள் கியூஜிஐஎஸ் என்பது ஒன்று. 2002-ஆம் ஆண்டில் கேரி ஷெர்மன் என்பார் அதனைத் தொடங்கினார். எவரும் விலையின்றிப் பெறலாம். எல்லாப் பணிகளையும் ஒன்றனுள் அடைத்தால் செயலி பெருத்துவிடும் அன்றோ? ஆதலின் சிறப்புப் பணிகளைச் செருகுநிரல்களாகத் தனியே அமைத்தனர்.

அவற்றுள் பல பைத்தான் மொழியில் அமைந்தவை. நாமே திறந்து படிக்கலாம். சில, சி பிளஸ் பிளஸ் மொழியில் எழுதி இயந்திர மொழிக்கு மாற்றிய நூலகக் கோப்புகள். விண்டோஸில் டிஎல்எல் என்றும், லினக்ஸில் எஸ்ஓ என்றும் அவற்றின் பெயர் முடியும். செயலி தான் இயங்கும்போதே அவற்றை நினைவகத்தில் ஏற்றிப் பணி கொள்கிறது.

இரண்டுக்கும் இடையே ஓர் உடன்படிக்கை உண்டு. அது மாறினால் துணை பயன்படாது. 2018 பிப்ரவரியில் வந்த 3.0 பதிப்பு, பைத்தான் 2-ஐ விட்டுப் பைத்தான் 3-க்கு மாறியது. பழைய செருகுநிரல்களைத் திருத்தி எழுத நேர்ந்தது.

அப்போது நான் ஓர் ஏரியின் நீர்ப்பிடிப்புப் பகுதியை வரைந்துகொண்டிருந்தேன். புதுமையில் மயங்கிப் பழைய பதிப்பை நீக்கினேன். மறுநாள் படத்தை ஒப்படைக்க வேண்டும். செருகுநிரலோ திறக்க மறுத்தது! பழைய பதிப்பை மீண்டும் நிறுவி, விடியும்வரை உழைத்துப் படத்தை முடித்தேன்.

எந்தப் பதிப்புக்கு உரியது என்பதைச் செருகுநிரலுடன் வரும் சிறு குறிப்புக் கோப்பே சொல்லியிருந்தது. நான்தான் படிக்கவில்லை. கருவியை மாற்றுமுன் அதன் துணைகளையும் எண்ணிப் பாருங்கள். ஓர் இரவு உறக்கம் விற்று நான் வாங்கிய பாடம் இது.