ஏவலும் அறிவிப்பும்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



இலக்கிய மேடையில் வணிகக் கணினியைப் பற்றிய பேச்சுக்கு இடமேது என்று அவையோருள் சிலர் எண்ணக்கூடும். எடுத்துக்கொண்ட பொருள் உண்மையில் மொழியின்பாற்பட்டதே. ஒருவர் மற்றவருக்குச் செய்தி சொல்லும் முறை இரண்டு. 'இதைச் செய்' என்பது ஒன்று. 'இது நிகழ்ந்தது' என்பது மற்றொன்று. முன்னது ஏவல், பின்னது அறிவிப்பு.

ஏவல் வினைமுற்று முன்னிலையில் நிற்பவரை நோக்கி வருவது. இனிச் செய்யவேண்டிய செயலைக் குறிப்பது. 'வந்தது' என்னும் இறந்தகால வினைமுற்றோ முடிந்ததைச் சொல்லி அமைவது. கேட்டவர் எவரோ அவர்க்கெல்லாம் உரியது. மென்பொருள் வல்லுநரும் இவ்வேறுபாட்டைப் போற்றுகின்றனர். கட்டளைகளுக்கு ஏவலிலும், நிகழ்வுகளுக்கு இறந்தகாலத்திலும் பெயரிடுவது அவர்தம் மரபு. 'பில் போடு' என்பது கட்டளை. 'பணம் வந்தது' என்பது நிகழ்வு. இந்த இரண்டாவது வகைச் செய்தியை அடித்தளமாகக் கொண்டு எழுந்ததே நிகழ்வுவழி அமைப்பு என்பதாகும்.

இதனை விளங்கிக்கொள்ள நெடுந்தொலைவு செல்ல வேண்டியதில்லை. மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயரின் திருக்குற்றாலக் குறவஞ்சியில் முதலில் வருபவன் கட்டியக்காரன். குற்றாலநாதர் பவனி வருகிறார் என்பதை அவன் அறிவிக்கிறான். இன்னார் வருக, இன்னது செய்க என்று எவரையும் அவன் பணிப்பதில்லை. பவனி காண வரும் பெண்கள் தத்தம் நிலைக்கேற்ப நடந்துகொள்கின்றனர். பந்தாடும் வசந்தவல்லி இறைவனைக் கண்டு காதல் கொள்கிறாள்; தோழி தூது செல்கிறாள்; குறத்தி வந்து குறி சொல்கிறாள்; அவளைத் தேடிச் சிங்கன் வருகிறான். ஒரு நிகழ்வு மற்றொன்றை எழுப்ப நாடகம் நடந்தேறுகிறது. வசந்தவல்லி என்று ஒருத்தி இருப்பது கட்டியக்காரனுக்குத் தெரிந்திருக்க வேண்டிய கட்டாயமில்லை. அவன் வேலை அறிவிப்பதோடு முடிந்தது.

வணிகத்திற்கு வருவோர் இதனையே வேறு கோலத்தில் காண்பர். தென்காசிக் கடைவீதியில் ஒரு துணிக்கடை இருப்பதாகக் கொள்க. வாடிக்கையாளர் ஒருவர் தொலைபேசி வழியே ஒரு சேலைக்குப் பணம் செலுத்துகிறார். கணக்கில் வரவு வைக்கவேண்டும், இருப்பில் ஒன்று குறைக்கவேண்டும், பில் போடவேண்டும், கூரியருக்குச் சொல்லவேண்டும், வாங்கியவருக்குக் குறுஞ்செய்தி அனுப்பவேண்டும். பழைய முறையில் இவையனைத்தும் ஒரே பெரிய மென்பொருளுக்குள் சங்கிலியாகக் கோக்கப்பட்டிருக்கும். ஒரு பகுதி அடுத்த பகுதியை ஏவிவிட்டு, அதன் விடை வரும்வரை காத்து நிற்கும். குறுஞ்செய்தி அனுப்பும் கண்ணி முடங்கினால், அதனோடு தொடர்பில்லாத கூரியர் வேலையும் நின்றுபோகும்.

இத்தொல்லையைத் தீர்க்கக் கண்ட முதல் வழி, வேலைகளைத் தனித்தனிச் சேவைகளாகப் பிரித்தல். கணக்கு ஒரு சேவை. இருப்பு ஒரு சேவை. அனுப்புதல் ஒரு சேவை. ஒவ்வொன்றும் தன் பொறுப்பைத் தான் காக்கும். பிறர் அதனை அணுகுவதற்கு வரையறுத்த வாயில் ஒன்று இருக்கும். உள்ளே நடப்பதைப் பிறர் அறிய வேண்டியதில்லை. இதனைச் சேவைசார் கட்டமைப்பு என்பர். கார்ட்னர் ஆய்வு நிறுவனத்தார் 1996ஆம் ஆண்டில் இப்பெயரை வழக்கிற்குக் கொணர்ந்தனர். இரண்டாவது வழி, அச்சேவைகள் ஒன்றையொன்று ஏவுவதைக் குறைத்து, நடந்ததை அறிவிக்கச் செய்தல். 'பணம் வந்தது' என்ற அறிவிப்பு எழுந்தவுடன் கணக்கும் இருப்பும் கூரியரும் அதனைத் தாமே கேட்டுத் தத்தம் வேலையைத் தொடங்கும். நாளை நன்றிமடல் அனுப்பும் புதிய சேவை ஒன்றைச் சேர்க்க விரும்பினால், பழைய சேவைகளைத் தொடவே வேண்டாம். புதியதும் அந்த அறிவிப்பைக் கேட்டால் போதும்.

குளத்துப் பாசனம் அறிந்தவர்க்கு இது புதிதன்று. மேற்குளம் நிரம்பியதா என்று மணிக்கொருமுறை ஆள் அனுப்பிப் பார்ப்பது ஒரு முறை. மறுகால் பாய்ந்து தண்ணீர் வந்த அளவிலேயே கீழ்க்குளத்தார் அறிந்துகொள்வது மற்றொரு முறை. முன்னதில் ஆளுக்கு ஓயாத நடை. பின்னதில் நிகழ்வே தூது.

கணினி வலையமைப்புகளிலும் இவ்விரு முறைகளும் உண்டு. ஒரு கருவி நலமாக உள்ளதா என்று நடுவிலுள்ள கணினி அடிக்கடி கேட்டுக்கொண்டிருக்கலாம். பழுது நேர்ந்தவுடன் கருவியே கேளாமல் செய்தி அனுப்பவும் செய்யலாம். அப்படி அனுப்பும் செய்திக்கு 'டிராப்' என்று பெயர். 1996இல் அட்வென்ட்நெட் என்ற பெயரில் தோன்றிய நிறுவனம் இத்தகைய வலையமைப்பு மேலாண்மை மென்பொருளைக் கொண்டே தன் தொழிலைத் தொடங்கியது. 2009ஆம் ஆண்டில் அது ஸோஹோ எனப் பெயர் மாற்றிக்கொண்டது.

தென்காசியில் இப்பொருளைப் பேசுவதற்குக் காரணமும் அதுவே. 2011ஆம் ஆண்டில் அந்நிறுவனம் விரல்விட்டு எண்ணத்தக்க சிலரைக் கொண்டு தென்காசிப் பகுதியில் அலுவலகம் தொடங்கியது. பின்னர் மத்தளம்பாறையில் அதற்கு வளாகம் எழுந்தது. பாரதியார் வாழ்ந்த கடையத்திற்குச் செல்லும் சாலையில், வயலும் மலையும் சூழ்ந்த சிற்றூர் அது. நிறுவனர்களுள் ஒருவரான ஸ்ரீதர் வேம்பு 2019இல் இப்பகுதிக்கே குடிவந்தார். வாடிக்கையாளர்தம் முறையீடுகளைப் பெற்று, உரியவரிடம் சேர்த்து, தீரும்வரை கண்காணிக்கும் 'ஸோஹோ டெஸ்க்' என்னும் மென்பொருள் தென்காசியில் உருவானது. உலகின் எம்மூலையிலோ ஒருவர் எழுதும் குறைமடல், தென்காசியார் ஆக்கிய மென்பொருளில் ஒரு நிகழ்வாகப் பதிவாகிறது. அந்நிகழ்வு நேர்ந்ததும் வேறொரு மென்பொருளுக்கு அறிவிக்கும் ஏற்பாடும் அதில் உண்டு. 'வெப்ஹூக்' என்று அதனைச் சொல்வர்.

மெல்வின் கான்வே என்னும் அமெரிக்கக் கணினியறிஞர் 1968இல் வெளியிட்ட கட்டுரையொன்றில் ஒரு கருத்தை முன்வைத்தார். எந்த அமைப்பும், தன்னை ஆக்கியோர் ஒருவரோடொருவர் பேசிக்கொள்ளும் முறையின் சாயலையே பெறும் என்பது அதன் சாரம். ஒரே கூடத்தில் ஒருவரையொருவர் ஓயாது கேட்டு வேலை செய்வோர் ஆக்கும் மென்பொருள், பிரிக்கவொண்ணாத ஒரே பாறையாகிவிடும். இக்கருத்தைத் திருப்பிப் பார்ப்பதும் தகும். சேவைகளைத் தெளிவாகப் பிரித்து, அவற்றிடையே ஓடும் செய்திகளைத் திருத்தமாக வரையறுத்துவிட்டால், ஒரு சேவையை ஆக்குவோர் மற்றவரோடு ஒரே நகரத்தில் இருக்கவேண்டிய கட்டாயம் தளர்கிறது. மத்தளம்பாறைக்கு வேலை வந்ததற்கு நல்ல இணையத் தொடர்பு, உள்ளூர் இளைஞர்க்குப் பயிற்சி தரும் ஸோஹோ பள்ளி, நிறுவனரின் மனத்துணிவு எனக் காரணங்கள் பல. ஆயினும், பிரித்துச் செய்யவியலாத வேலையாக அது இருந்திருப்பின், அக்காரணங்கள் அனைத்தும் கூடியும் அவ்வேலை குற்றால மலையடிவாரத்திற்கு வந்திருக்குமா என்பது எண்ணத்தக்கது.

இந்நன்மைக்குக் கொடுக்கும் விலையும் உண்டு. அதனை மறைத்தல் முறையன்று. தொலைபேசி வழியே பணம் அனுப்பும் யுபிஐ முறை 2016ஆம் ஆண்டில் வந்தது. அனுப்பியவர் கணக்கில் பணம் கழிந்தும் பெறுபவர் கணக்கில் சேராமல் 'நிலுவையில் உள்ளது' என்ற சொல் திரையில் நிற்பதைப் பலரும் கண்டிருப்பர். தனித்தனி வங்கிகளின் தனித்தனி அமைப்புகள் செய்தி பரிமாறிக்கொள்ளும் இடத்தில், எல்லா ஏடுகளும் ஒரே நொடியில் ஒத்திருப்பதில்லை. சிறிது நேரம் கழித்தே ஒத்துவரும். அந்த இடைவேளை வல்லுநருக்கு இயல்பானது. மருந்துக்கடையில் பணத்திற்காகக் காத்து நிற்கும் முதியவருக்கோ அது பெருங்கலக்கம். ஒரே அறிவிப்பு இருமுறை வந்து சேர்வதும் உண்டு. 'பணம் வந்தது' என்பதை இருமுறை கேட்ட சேவை இரண்டு சேலைகளை அனுப்பிவிடலாகாது. ஆதலின் ஒவ்வோர் அறிவிப்புக்கும் தனி எண் இட்டு, முன்பே கேட்டதா என்று கேட்பவர் சரிபார்க்கவேண்டும்.

இத்தகைய அறிவிப்புகளை வரிசை மாறாது பதிந்துவைக்கும் மென்பொருள்களுள் புகழ்பெற்றது காஃப்கா. லிங்க்ட்இன் நிறுவனத்தில் உருவாகி 2011இல் பொதுவுடைமையாக வெளியிடப்பட்டது. எழுதுவதற்கென்றே அமைந்த மென்பொருளாதலால், எழுத்தாளர் ஃபிரான்ஸ் காஃப்காவின் பெயரை இட்டதாக அதனை ஆக்கியோருள் ஒருவரான ஜே கிரெப்ஸ் கூறியுள்ளார். அதன் ஏட்டில் புதிய செய்தி கடைசியிலேயே சேரும்; இடையில் புகுந்து எழுதியதைத் திருத்த இயலாது. தவறு நேர்ந்தால், அதனைச் சரிசெய்யும் மற்றொரு செய்தியைப் பின்னே எழுதவேண்டும். செய்திகள் வைத்திருக்கப்படும் காலம் வரை, தாமதமாக வந்து சேரும் சேவையும் முதலிலிருந்து படித்துக்கொள்ளலாம்.

தென்காசியில் இதற்கொரு முன்னோடி நிற்கிறது. 1446ஆம் ஆண்டில் காசி விசுவநாதர் கோயிற்பணியைத் தொடங்கிய பராக்கிரம பாண்டியன், பிற்காலத்தில் இக்கோயிலுக்குக் குறை நேருமாயின் அதனைச் சீர்செய்வோர் எவராயினும் அவர் அடிபணிவதாகக் கல்வெட்டில் பொறித்துவைத்தான். எவருக்கும் இடப்பட்ட ஆணையன்று அது. பெயர் தெரியாதவர்க்கு, பிறக்காதவர்க்கு விடுத்த அறிவிப்பு. கோபுரம் பின்னாளில் சிதைந்து நெடுங்காலம் நின்றது. ஒன்பது நிலை இராசகோபுரமாக அது மீண்டும் எழுந்து குடமுழுக்குக் கண்டது 1990ஆம் ஆண்டில். ஐந்து நூற்றாண்டுகளுக்குப் பின்னும் அவ்வறிவிப்புக்குச் செவிகொடுத்தவர் இருந்தனர்.

எல்லா அறிவிப்புகளுக்கும் ஐந்நூறாண்டு காத்திருக்கும் பேறு இல்லை. 2024 மே 17ஆம் நாள் பழைய குற்றால அருவியில் திடீரெனக் காட்டாற்று வெள்ளம் பெருகியது. குளித்துக்கொண்டிருந்தோர் அலறியடித்து ஓடினர். பதினேழு வயது மாணவர் ஒருவர் வெள்ளத்தில் இழுக்கப்பட்டு உயிரிழந்தார். மலைமேல் மழை பெய்வது ஒரு நிகழ்வு. அருவியடியில் நிற்பவர் கண்ணுக்கு அம்மழை தென்படாது. வெள்ளம் கீழே வருமுன் செய்தி கீழே வரவேண்டும். மேலே மழையளக்கும் கருவி, செய்தியைக் கொணரும் தொடர்பு, கீழே ஒலிக்கும் சங்கு, ஒலி கேட்டவுடன் கூட்டத்தை வெளியேற்றும் காவலர் என நான்கும் சேர்ந்தாலன்றி அது முழுமையான அமைப்பாகாது. கருவி அறிவித்தது என்பதனால் மட்டும் எவரும் காப்பாற்றப்படுவதில்லை.

ஏவல் முறையில் பொறுப்பு ஏவியவரிடம் இருந்தது. அறிவிப்பு முறையில் அது கேட்பவரிடம் இடம்பெயர்கிறது. 'சொல்லிவிட்டேன்' என்று சொன்னவர் ஒதுங்குவதும், 'என்னிடம் சொல்லவில்லை' என்று கேட்கவேண்டியவர் கைவிரிப்பதும் இம்முறையில் எளிது. எனவே எந்நிகழ்வுக்கு எவர் செவிகொடுப்பார், எத்தனை நிமிடத்திற்குள் செயற்படுவார், அவர் செயற்படாவிடின் அடுத்து எவருக்குச் செய்தி போகும் என்பன எழுத்தில் வரையப்படவேண்டும். துணிக்கடைக்கும் வங்கிக்கும் அருவிக்கரைக்கும் இவ்விதி ஒன்றே. கட்டுகளைத் தளர்த்திய அமைப்பில் கடமைகளை இறுக்கிக் கட்டாவிடின், விடுதலை என்று கொண்டாடப்பட்டது பொறுப்பின்மையாய் முடியும்.

இவ்விடத்தில் கவிஞர்க்கும் தமிழ் கற்பிப்போர்க்கும் ஒரு பணி காத்திருக்கிறது. இன்றைய மென்பொருள்கள் தமிழில் பேசத் தொடங்கிவிட்டன. அவை பேசும் தமிழோ பெரும்பாலும் 'பிழை ஏற்பட்டது' என்ற அளவில் நின்றுவிடுகிறது. எழுவாய் உண்டு, செய்தவர் இல்லை. நிகழ்ந்தது உண்டு, இனி நடப்பது இல்லை. பணம் போயிற்றா இருக்கிறதா, திரும்ப அனுப்பலாமா காத்திருக்கவேண்டுமா என்பன அச்சொற்களில் கிடையா. 'உங்கள் பணம் கழியவில்லை. ஐந்து நிமிடம் கழித்து மீண்டும் அனுப்புங்கள்' என்றெழுதக் கூடுதலாகச் சில சொற்களே வேண்டும். அருவிக்கரைப் பலகையிலும் ஒலிபெருக்கியிலும் வரும் எச்சரிக்கைக்கும் இது பொருந்தும். சுருங்கச் சொல்லவும் விளங்கச் சொல்லவும் பயின்றவர்கள் இவ்வவையில் அமர்ந்திருக்கின்றனர். மென்பொருள் ஆக்கும் இளைஞர்களோ மத்தளம்பாறையில், சில கல் தொலைவில் இருக்கின்றனர். இலக்கிய வட்டத்தின் பதினோராம் ஆண்டுக் கூட்டங்களில் ஒன்றுக்கேனும் அவ்விளைஞர்களை அழைத்து, அவர்தம் செய்திச் சொற்களை முன்வைத்து இரு தரப்பாரும் கூடியிருந்து திருத்துவார்களாயின், அது தமிழுக்கும் தொழிலுக்கும் ஒருசேரச் செய்த தொண்டாகும்.