குடும்பத்தார் கூடி நடத்தும் சிறிய திருமணம்

(ஆலயத் திருமண மண்டபத்தில், மணவயதுப் பிள்ளைகளின் பெற்றோருக்காக ஏற்பாடு செய்யப்பட்ட கூட்டத்தில் ஆற்றிய உரை)

 

மலேசியத் தோட்டங்களில் தமிழர் நிறைந்து வாழ்ந்த காலத்தில், திருமணம் என்பது அழைப்பிதழ் அனுப்பி ஆள் சேர்க்கும் காரியமாக இருந்ததில்லை. லயத்து வீட்டு வாசலில் பந்தக்கால் நட்டதும் அண்டை வீட்டார் தென்னங்கீற்று வெட்டி வருவர். பெரிய அண்டாக்கள் கோயிலிலிருந்து இரவலாக வரும். பெண்கள் இரவெல்லாம் கண்விழித்துத் தேங்காய் துருவுவர், வெங்காயம் உரிப்பர், பூத்தொடுப்பர். மணமகளுக்கு மருதாணி அரைத்தவர் யார், மணவறைக்கு வாழைமரம் கொண்டுவந்து கட்டியவர் யார் என்பதெல்லாம் பல்லாண்டுகளுக்குப் பின்னரும் பேசப்படும்.

இன்று நகரத்து மண்டபங்களில் நடைபெறும் பல திருமணங்களில் மணவறை வாடகை, பூ நெகிழி, வரவேற்கும் பெண்களும் கூலிக்கு வந்தவர்கள். மணமக்களின் பெயர் பொறித்த பலகையை எடுத்துவிட்டால், மறுநாள் அதே மேடையில் வேறொரு திருமணத்தை நடத்திவிடலாம். கடன் மட்டுமே அக்குடும்பத்தாருக்குச் சொந்தமாக எஞ்சுகிறது.

2020 மார்ச் 18ஆம் நாள் மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை நடப்புக்கு வந்தபோது, குறித்த முகூர்த்தங்கள் பல ஒத்திவைக்கப்பட்டன. சிங்கப்பூரில் அதே ஆண்டு மே மாதத்தில், காணொளி வாயிலாகவே திருமணத்தை நடத்திப் பதிவுசெய்யத் தற்காலிகச் சட்டம் ஒன்று இயற்றப்பட்டது. ஆயிரம் பேருக்குக் குறைந்தால் கௌரவக் குறைவு என்று எண்ணியிருந்த குடும்பங்கள், நெருங்கிய உறவினர் சிலருடன் மணவிழாவை முடித்தன. அத்தம்பதியர் எவரும் குறைந்த வாழ்த்துடன் வாழ்வதாகத் தெரியவில்லை.

சிறிய திருமணம் என்றதும் அது அயல்நாட்டு நாகரிகம் என ஐயுறுவோர் உளர். அவர்கள் அகநானூற்றின் 86ஆம் பாடலைப் பயிலுதல் நலம். நல்லாவூர் கிழார் காட்டும் அத்திருமணத்தில், பந்தலின்கீழ்ப் புதுமணல் பரப்பப்படுகிறது. விளக்கேற்றி மாலைகள் தொங்கவிடப்படுகின்றன. உழுத்தம்பருப்புடன் கூட்டிச் சமைத்த உணவு குறைவின்றிப் படைக்கப்படுகிறது. திங்கள் உரோகிணியைச் சேர்ந்த விடியற்பொழுதில், மக்களைப் பெற்ற மங்கல மகளிர் நால்வர் பூவும் நெல்லும் கலந்த நீரால் மணமகளை நீராட்டி வாழ்த்துகின்றனர். தீவலம் வருதல் அப்பாடலில் பேசப்படவில்லை. அது சிலப்பதிகாரத்தில் கோவலன் கண்ணகி திருமணத்தில் வருகிறது. சடங்குகள் காலந்தோறும் சேர்ந்து வளர்ந்தவை என்பதை இவ்விரு நூல்களுமே காட்டிவிடுகின்றன.

ஆயினும், சேர்ந்தவை யாவற்றையும் விருப்பம்போல் மாற்றலாம் என்பது பொருளன்று. விநாயகர் வழிபாடு, ஓமம், மங்கல நாண் பூட்டுதல், அம்மி மிதித்தல், அருந்ததி காட்டல், பெரியோர் வாழ்த்து ஆகியவை நிலைத்திருக்க வேண்டியவை. ஒளிப்பதிவாளர் சரியாகப் பிடிக்கவில்லை என்பதற்காக மாலை மாற்றுதலை நான்காம் முறையும் நடத்துவதுதான் உண்மையில் மரபை மீறுவது. அதனை மட்டும் எவரும் கண்டிப்பதில்லை!

குடும்பத்தின் தனித்தன்மையைச் சேர்க்க இம்மரபுக்குள்ளேயே இடம் நிரம்ப உண்டு. மணவறையில் ஏற்றும் குத்துவிளக்கு பாட்டியார் வீட்டுப் பூசையறையிலிருந்து வரலாம். வாசற்கோலத்தை ஒட்டும் படமாக வாங்காமல் சித்தியும் பெரியம்மாவும் அரிசிமாவினால் இடலாம். யாழ்ப்பாணத் தமிழர் குடும்பங்களில் தாலிக்குப் பொன்னுருக்கும் வழக்கம் உண்டு. அந்நாளில் மறைந்த பாட்டனாரின் மோதிரத்திலிருந்து ஒரு துளிப் பொன்னைச் சேர்த்தால், அத்தாலி அக்குடும்பத்தாருடையதாகவே ஆகிவிடும். ஆலயத் தேவார வகுப்பில் பயிலும் பிள்ளைகள் திருஞானசம்பந்தரின் திருக்கழுமலப் பதிகத்தைப் பாடலாம். வைணவக் குடும்பமாயின் ஆண்டாள் தம் திருமணக் கனவை உரைத்த பதிகத்தை நாச்சியார் திருமொழியிலிருந்து பாடலாம். ஒலிபெருக்கியில் திரைப்பாடல் முழங்குவதைவிட, சற்றுச் சுருதி விலகினாலும் வீட்டுப் பிள்ளையின் குரல் இனியது. தமிழறியா நண்பர்கள் வந்திருப்பின், ஒவ்வொரு சடங்கின் பொருளையும் உறவினர் ஒருவர் இரண்டிரண்டு வாக்கியங்களில் எடுத்துரைக்கலாம். இவற்றுக்குச் செலவென்று பெரிதாக ஒன்றுமில்லை.

இவற்றைவிடக் கடினமான ஒன்று உண்டு. பேராக் மாநிலத்துத் தோட்டமொன்றில் பால்மரம் வெட்டிப் பிழைத்த ஓர் அம்மையார், கணவரை இழந்தபோது மகளுக்கு வயது ஆறு. விடியற்காலையில் பிள்ளையை அண்டை வீட்டில் விட்டுவிட்டு வேலைக்குச் சென்று, அவளைப் படிக்கவைத்து ஆளாக்கினார். மகளின் திருமணம் அறுபது பேருடன் ஆலயத்தில் நடத்த முடிவாயிற்று. தாரை வார்க்கப் பெரியப்பாவும் பெரியம்மாவும் இசைந்தனர். தாயாருக்கு எந்த இடம் என்பதை மட்டும் எவரும் வாய்திறந்து பேசவில்லை. மண்டபத்தின் பின்வரிசை என்பதே அதன் பொருள்.

மகள் அதனை ஏற்கவில்லை. தாலித்தட்டை முதலில் தொட்டு வாழ்த்த வேண்டியவர் தாயாரே என்றாள். "ஊரார் என்ன சொல்வார்கள், அண்ணி? பிள்ளைக்கு ஏதாவது ஒன்று ஆகிவிட்டால்?" என்றார் அத்தையார். அவரைக் கொடியவர் எனக் கொள்ளலாகாது. அண்ணன் இறந்த நாளிலிருந்து அக்குடும்பத்துக்குத் துணைநின்றவர் அவர். எல்லாரையும்விட அஞ்சியவர் தாயார்தாம். "நான் ஓரமாக நின்று பார்த்துக்கொள்கிறேன் அம்மா, நீ நன்றாக இருந்தால் போதும்" என்று மகளிடம் கெஞ்சினார். அதற்கு மகள், "என்னை வளர்த்த கை இவ்வளவு நாள் எனக்கு என்ன கெடுதல் செய்தது, அம்மா?" என்று கேட்டாள். தாயாரிடம் அதற்கு மறுமொழி இல்லை.

இருவரும் ஆலயக் குருக்களை அணுகினர். அவர் பொறுமையாகக் கேட்டார். தாரை வார்த்தல் ஏற்பாட்டின்படியே நடக்கட்டும் என்றார். அட்சதையும் தேங்காயும் வைத்த தாலித்தட்டைச் சபையோரிடம் கொண்டுசெல்லும்போது அது யாரிடம் முதலில் செல்ல வேண்டும் என்பது குடும்பத்தாரின் விருப்பம், பெற்ற தாயின் ஆசியைத் தடுக்கத் தமக்கு உரிமையில்லை என்றும் கூறினார். திருமணத்தன்று தட்டு முதல் வரிசையில் அமர்ந்திருந்த தாயாரிடமே முதலில் சென்றது. அவர் கை நடுங்கியதால் பெரியம்மா தட்டைத் தாங்கிக்கொண்டார். அத்தையார் அன்று பந்தியில் அமரவில்லை. மறுவீட்டு விருந்துக்கு வந்தார். வழக்கம்போல் சமையலறைக்குள் சென்று வேலையைத் தம் கையில் எடுத்துக்கொண்டார்.

ஆயிரம் பேர் கூடிய மண்டபத்தில் இத்தகைய பேச்சு எழ வழியில்லை. அங்கே ஓர் ஒழுங்குமுறை ஓடிக்கொண்டிருக்கும். அதன் ஓட்டத்தில் தாயார் தாமாகவே பின்வரிசைக்குச் சென்றுவிடுவார்.

சட்டம் குறித்தும் ஒரு சொல். மலேசியாவில் 1976ஆம் ஆண்டின் திருமண மணவிலக்குச் சட்டம், 1982 மார்ச் 1 முதல் முஸ்லிம் அல்லாதாருக்கு நடப்பில் உள்ளது. ஆலயத்தில் தாலி கட்டியிருப்பினும் சட்டப்படி பதிவுசெய்தல் இன்றியமையாதது. சிறிய திருமணம்தானே எனப் பதிவைத் தள்ளிப்போட்டு, பின்னர் குழந்தையின் பிறப்புப் பத்திரத்திற்காக அலைவோர் உளர். பத்திரிகை அடிப்பதற்கு முன்பே இதனைக் கவனித்துக்கொள்க.

இறுதியாக, பெற்றோர் கவனத்திற்கு: முகூர்த்தத்திற்கு ஒரு மாதமேனும் முன்னதாக மணமக்களுடன் வந்து குருக்களைக் காணுங்கள். எந்தச் சடங்கு எப்போது, அதனைச் செய்பவர் யார், பாடுபவர் யார், தட்டு ஏந்துபவர் யார் என்று ஒரு தாளில் எழுதிக் குருக்களிடம் ஒரு படியும் நாதஸ்வரக் கலைஞர்களிடம் ஒரு படியும் கொடுத்துவிடுங்கள். முதல் வரிசை நாற்காலிகளில் அமர வேண்டியோர் பெயர்களையும் அத்தாளிலேயே குறித்துவிடுங்கள்.