மணிமேகலையின் மாயக்கடல்



எந்த நிலப்படத்திலும் இல்லாத கடல் ஒன்றைப் பற்றி இன்று பேச வந்துள்ளோம். மணிமேகலைக் காப்பியத்தைப் பயிற்றுவிக்கும்போது பெரும்பாலும் இரு வழிகளில் ஒன்றையே நாம் மேற்கொள்கிறோம். வானில் பறக்கும் மங்கை, அள்ளக் குறையாத அமுதசுரபி, கடல் காக்கும் தெய்வம் ஆகியவற்றைப் பொய்யென்று ஒதுக்கிவிடுகிறோம். அல்லது மணிபல்லவம் இன்ன தீவு, சாவகம் இன்ன நாடு என்று வழக்காடுகிறோம். மூன்றாவது வழியும் உண்டு. மெய்க்கடலை நன்கறிந்தவர்கள் தம் அச்சத்தையும் அறிவையும் வைத்துக் காத்த பேழையாக மாயக்கடலைக் கருதலாம்.

முதலில், உலகைச் சூழ்ந்த ஏழு கடல்களை நோக்குவோம். உப்பு, கருப்பஞ்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர் என்று மரபு அவற்றை எண்ணுகிறது. இவற்றுள் ஒன்றேனும் அறியாப் பொருளன்று. வயலிலும் தொழுவத்திலும் அடுக்களையிலும் அன்றாடம் புழங்கும் பெயர்களே அனைத்தும். மனிதன் கண்ட கடல் உப்பு. ஆதலால் எண்ணிக்கை உப்பில் தொடங்குகிறது. முடிவதோ நன்னீரில். குடிநீர் தீர்ந்த மரக்கலத்தில் இருப்பவனுக்கு நன்னீர்க் கடலினும் பெரிய அற்புதம் வேறு யாது? கற்பனை வானத்திலிருந்து குதிப்பதில்லை; வழக்குச் சொற்களிலிருந்தே முளைக்கிறது.

இனிச் சாத்தனாரின் கடலுக்கு வருவோம். மணிமேகலா தெய்வம் காப்பியத் தலைவியைப் புகாரிலிருந்து முப்பது யோசனை தெற்கேயுள்ள மணிபல்லவத்திற்கு எடுத்துச் செல்கிறது. மரக்கலம் உடைந்து தத்தளித்த கோவலனின் முன்னோன் ஒருவனைக் காத்ததும் அத்தெய்வமே. அதன் பெயர் தமிழ்நிலத்தோடு நிற்கவில்லை. பாலிமொழி மகாசனக சாதகத்தில், சுவர்ணபூமிக்குச் செல்லும் வழியில் கலம் கவிழ்ந்த இளவரசனை அதுவே மீட்கிறது. தாய்லாந்திலும் கம்போடியாவிலும் மேகலை கையில் மணி ஏந்தி மின்னலாக ஒளிர்கிறாள். பெயர் சென்ற வழி கலங்கள் சென்ற வழியே.

அவ்வழி நமக்குத் தொலைவிலுள்ளதன்று. நம் தீவுக்கு எதிரே, செபராங் பிறையில், 1834ஆம் ஆண்டு ஜேம்ஸ் லோ ஒரு கல்வெட்டைக் கண்டெடுத்தார். இரத்தமிருத்திகை என்னும் ஊரினனாகிய புத்தகுப்தன் என்ற மாநாவிகன், பயணம் வெற்றியுறுக என்று வேண்டிப் பொறித்தது அது. எழுத்தமைதி கொண்டு ஏறத்தாழ ஐந்தாம் நூற்றாண்டினது என்பர். மொழி வடமொழி, வேண்டுதலோ எல்லாக் கடலோடிகளுக்கும் பொதுவானது. அந்த வேண்டுதலுக்குக் காப்பியம் தந்த உருவமே மணிமேகலா தெய்வம் எனலாம்.

மலாய் மக்களிடமும் மாயக்கடல் உண்டு. கடலின் கொப்பூழாகிய பூசாட் தாசேக்கில் பாவ் ஜாங்கி என்னும் பெருமரம் நிற்கிறது. அதனடியில் பேருருவ நண்டொன்று வாழ்கிறது. நண்டு வளையை விட்டு வெளியேறினால் நீர் உட்புகுந்து கடல் வற்றும்; அது திரும்பினால் கடல் ஏறும் என்பது கதை. நண்டு கற்பனை, நாளுக்கு இருமுறை நிகழும் ஏற்றவற்றமோ கண்கூடு. இங்கும் கூர்ந்த நோக்கின்மீதே கதை எழுந்துள்ளது.

எனினும், மணிமேகலையின் கடற்கதைகளுள் நாம் தலையாயதாகக் கருதுவது சாதுவன் கதை. அதில் தெய்வம் வந்து கைகொடுப்பதில்லை. கலம் உடைய, ஒடிந்த மரத்தைப் பற்றி அவன் நாகர் மலைக்கரையை அடைகிறான். அவர்களோ மனிதரைத் தின்போர். தன்னை உண்ண வந்தவர்களிடம் அவர்கள் மொழியிலேயே அவன் பேசுகிறான், பிழைக்கிறான். பின்னர், கலம் உடைந்து கரை சேர்வோரைக் கொல்லற்க என்று அவர்தம் தலைவனை இசைவிக்கிறான். மாயங்கள் நிறைந்த காப்பியத்தில் ஓருயிரைக் காத்தது பிறமொழி அறிவு என்பதை மாணவர்கள் மனங்கொள்ள வேண்டும்.

சாதுவன் போன்று கடல் கடந்து இருமொழி பேசியவர்களின் சுவடு இன்றும் நம் நாவில் உள்ளது. கப்பல் மலாயில் காப்பால் ஆயிற்று. கடை கெடாய் ஆயிற்று. முதல் மோடால் ஆயிற்று. இவை படையெடுப்பால் திணிக்கப்பட்டவை அல்ல. துறைமுகத்தில் கொண்டும் கொடுத்தும் வாழ்ந்தோர் விட்டுச் சென்றவை.

ஆசிரியர்களிடம் எம் வேண்டுகோள் ஒன்றே. மணிமேகலையின் கடலையும் பாவ் ஜாங்கியின் கடலையும் ஒரே வகுப்பில் அடுத்தடுத்துப் பயிற்றுவியுங்கள். நம் பிள்ளைகள் தமிழ் இலக்கியத்தை எங்கோ தொலைநாட்டில் நிகழ்ந்ததாக எண்ணிக் கற்கிறார்கள். அந்த எண்ணம் வேரூன்றினால், தேர்வு முடிந்த மறுநாளே நூலை மூடிவிடுவார்கள். அக்காப்பியம் பாடும் சாவகத்திற்குக் கலங்கள் சென்ற கடலின் ஒரு கரையில்தான் தாங்கள் வாழ்கிறோம் என்று அறிந்த பிள்ளையோ, அதைத் தன் நூலாகத் திறப்பான்.