படைமுகாமும் கச்சேரியும்: தாமஸ் மன்றோவின் கொங்கு ஆண்டுகள்

கோயம்புத்தூரில் இன்று தொடங்கும் இக்கருத்தரங்கு, படைவீரராகச் சென்னையில் வந்திறங்கி, சென்னை மாகாணத்தின் ஆளுநராக மறைந்த சர் தாமஸ் மன்றோவின் (1761-1827) வாழ்வைக் கொங்கு மண்ணில் வைத்து ஆராய முனைகிறது. விக்டோரியா அரசியார் அரியணை ஏறுவதற்குப் பத்தாண்டுகள் முன்பே அவர் காலமாகிவிட்டார்; ஆயினும் இன்று அறியப்படும் மன்றோ பெரிதும் விக்டோரியா காலம் உருவாக்கித் தந்தவரே. சென்னைத் தீவுத்திடலில் சேணமும் அங்கவடியும் இல்லாத குதிரைமேல் அமர்ந்திருக்கும் சிலை நிறுவப்பட்டது 1839-இல். அவருடைய அரசுக் குறிப்புகளை அர்பத்நாட் தொகுத்து வெளியிட்டது 1881-இல்.

1780-இல் பயிற்சிப் படையாளாக வந்து மைசூரின் ஹைதர் அலியோடும் திப்புவோடும் நடந்த போர்களில் பங்கேற்ற மன்றோவின் கையில், 1792-ஆம் ஆண்டுச் சீரங்கப்பட்டண உடன்படிக்கைக்குப் பின் வாளுக்குப் பதிலாக வரிக்கணக்கு வந்து சேர்ந்தது. திப்புவிடமிருந்து பெற்ற பாரமகாலை, அதாவது இன்றைய தருமபுரி, கிருஷ்ணகிரிப் பகுதிகளை, ஆள்வதற்குச் சென்னையின் சிவில் அதிகாரிகளுள் நாட்டுமொழி அறிந்தோர் அரிதாயிருந்ததால், தலைமை ஆளுநர் காரன்வாலிஸ் அப்பொறுப்பைக் கேப்டன் ரீடு என்பவரிடமும் அவருக்குத் துணையாகப் படை அதிகாரிகளிடமும் ஒப்படைத்தார். அங்கு மன்றோ கழித்த ஏழாண்டுகளில்தான் ரயத்துவாரி முறை உருப்பெறத் தொடங்கியது. ரயத் என்றால் குடியானவர். நிலத்தை அளந்து, தீர்வை எனப்படும் நிலவரியைக் குறித்து, ஜமீன்தார் குறுக்கிடாமல் குடியானவரிடமே நேராகப் பட்டா கொடுப்பது அதன் சாரம்.

கொங்கு நாட்டில் இம்முறைக்கு நேர்ந்த சோதனை கிணறு. மழையை நம்பிய மேட்டாங்காட்டில் குடியானவர் தம் செலவில் பாறையைக் குடைந்து கிணறு வெட்ட, சாய்வான தடத்தில் காளைகள் கீழிறங்குந்தோறும் நீரிறைக்கும் கவலையின் தோல்பறி மேலேறி வாய்க்காலில் நீரைக் கொட்ட, காடு தோட்டமாயிற்று. உடனே தோட்டத்துக்குரிய உயர்ந்த தீர்வையும் வந்து சேர்ந்தது. இவ்வாறு உழைப்புக்கே வரி விதிப்பதன் தீங்கை மன்றோ உணர்ந்திருந்தார் என்பதற்கு, பின்னர் ராயலசீமைப் பகுதியில் பணியாற்றியபோது 1807-இல் அவர் அனுப்பிய பரிந்துரை சான்றாகும். பொதுவாகத் தீர்வையில் 25 சதவீதமும், குடியானவர் பழுதுபார்த்துவரும் கிணற்றுப் பாசன நிலத்துக்கு 33 சதவீதமும் குறைக்க வேண்டும் என்ற அப்பரிந்துரையை அரசு அப்போது ஏற்கவில்லை. படைச்செலவுக்குப் பணம் தேடிய கிழக்கிந்தியக் கும்பினிக்கு அது கசந்ததில் வியப்பில்லை.

1813-இல் இங்கிலாந்துப் பொதுமக்கள் அவையில் சாட்சியம் அளித்துவிட்டு மறு ஆண்டு சென்னைக்குத் திரும்பிய மன்றோ, அடுத்துக் கோயம்புத்தூர்க் கலெக்டர் கச்சேரியில், அதாவது அலுவலகத்தில், நடந்த முறைகேடுகளை ஜான் சல்லிவனுடன் சேர்ந்து விசாரித்தார். அவ்விசாரணையின் நடுவே நின்றவர் மாவட்டக் கஜானாப் பொறுப்பிலிருந்த காசிச் செட்டி. அரசுப் பணம் அவருடைய சொந்த வணிகத்துக்கு முதலாகச் சுழன்றிருந்தது. ரயத்துவாரி இடைத்தரகரை ஒழித்தது என்று பாடநூல்கள் கூறுவதை இவ்வழக்கு ஏற்கவிடுவதில்லை. ஜமீன் அரண்மனையிலிருந்த இடைத்தரகர் கச்சேரிக்கு இடம்பெயர்ந்தார், அவ்வளவே. நேர்மையான படைவீரர் வகுத்த முறையாயினும், கணக்கும் மொழியும் அறிந்த கீழ்நிலை ஊழியரின் கையில் கலெக்டரே சிக்கிக்கொள்ளும் வழி அதில் திறந்தே இருந்தது.

1817-18 மராட்டியப் போரில் மீண்டும் வாளெடுத்த மன்றோ, 1820 முதல் ஆளுநராக இருந்து, தாம் முன்னர் கேட்ட தீர்வைக் குறைப்பைத் தாமே நடைமுறைப்படுத்தி, 1827 ஜூலை 6 அன்று பத்திகொண்டாவில் காலராவால் மறைந்தார். அவ்வாட்சியை விரிவாகப் பேசப் பிற்பகல் அமர்வு உள்ளது. முதல் அமர்வு தீவுத்திடல் சிலையிலிருந்து தொடங்காமல், கோயம்புத்தூர்க் கஜானாவின் கணக்கிலிருந்து தொடங்குகிறது.