பெஞ்சில் தாளம் போடும் பிள்ளைக்கு என்ன சொல்வோம்?

(குரும்பகரத்தில் நடந்த ஆசிரியர் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



வகுப்புக்கு ஒரு பிள்ளையாவது பெஞ்சில் தாளம் போட்டுக்கொண்டிருக்கும். “சார், எப்பப் பார்த்தாலும் பாட்டு, மேளம்னே திரியறான். இது சோறு போடுமா?” என்று பெற்றோர் கேட்டால் நாம் என்ன பதில் சொல்கிறோம்? குறும்பட இசையமைப்பாளர்களின் வழியைப் பார்த்தால் ஒரு பதில் கிடைக்கிறது.

கலைஞர் தொலைக்காட்சியின் ‘நாளைய இயக்குநர்’ நிகழ்ச்சி உங்களுக்கு நினைவிருக்கும். கார்த்திக் சுப்புராஜ், நலன் குமாரசாமி ஆகியோர் அங்கிருந்து வந்த இயக்குநர்கள். குறும்படங்களில் வளர்ந்தவர்கள் இயக்குநர்கள் மட்டும் அல்லர். மதுரைக்காரரான ஜஸ்டின் பிரபாகரன் குறும்படங்களுக்கு இசையமைத்து வந்தவர். இயக்குநர் அருண்குமார், ஒரு பழைய காரைப் பற்றிய தம் குறும்படத்தை விரித்து ‘பண்ணையாரும் பத்மினியும்’ எடுத்தார். 2014இல் வெளிவந்த அந்தப் படம்தான் ஜஸ்டினுக்கு முதல் முழுநீளப் படம். 2019இல் ‘டியர் காம்ரேட்’ என்ற தெலுங்குப் படத்துக்கும் அவர் இசையமைத்தார்.

குறும்படத்தில் இசையமைப்பாளரின் வேலை என்ன? தொகுத்து முடித்த படத்தை இயக்குநரோடு உட்கார்ந்து பார்க்க வேண்டும். இசை எங்கே தொடங்குவது, எங்கே நிறுத்துவது, எங்கே சும்மா இருப்பது என்று குறித்துக்கொள்ள வேண்டும். பத்து நிமிடப் படத்தில் பாட்டுக்கு இடமிருக்காது. வசனத்தை அமுக்காமல், பார்ப்பவரை முந்திக்கொண்டு அழாமல் இசை வர வேண்டும். ஒரு கணினி, ஒரு கீபோர்டு, நல்ல ஹெட்போன் இருந்தால் வேலையைத் தொடங்கிவிடலாம். கதையைப் புரிந்துகொள்ளும் மனமும் கேட்கப் பழகிய காதும் முக்கியம்.

வருமானத்தைப் பற்றி மறைக்காமல் சொல்லிவிடுவோம். பெரும்பாலான குறும்படங்களில் பணம் குறைவு. சிலவற்றில் இல்லவே இல்லை. விளம்பரம், ஒலிப்பதிவு, ஒலிக்கலவை, இசை வகுப்பு என்று பக்கத்தில் ஒரு தொழிலும் வேண்டும். ஆகவே, “படிப்பை விடாதே, இசையையும் விடாதே” என்பதுதான் பிள்ளைக்கு நாம் சொல்லக்கூடிய பதில்.

அதற்குப் பள்ளியிலேயே வழி செய்யலாம். பிள்ளைகள் செல்போனில் எடுக்கும் விழிப்புணர்வுப் படங்களுக்கு இப்போது சினிமா இசையை வெட்டி ஒட்டுகிறோம். யூடியூபில் ஏற்றினால் பதிப்புரிமைச் சிக்கல் வருகிறது. அந்தப் பெஞ்சுத் தாளக்காரனிடமே அந்த வேலையைக் கொடுப்போம். வயலில் ஓடும் மோட்டார் சத்தம், வாய்க்கால் தண்ணீர், மாங்கனித் திருவிழாவின் நாகசுரம், தவில் எல்லாம் கேட்டு வளர்ந்த காது நம் பிள்ளைகளுக்கு இருக்கிறது. இரண்டு நிமிடப் படத்துக்கு அவன் சொந்தமாக இசை செய்யட்டும். படத்தின் முடிவில், ‘இசை’ என்ற சொல்லுக்குப் பக்கத்தில் அவன் பெயரைப் போடுங்கள். ஆண்டு விழாவில் பெற்றோரை முன்வரிசையில் உட்காரவைத்துத் திரையிடுங்கள். அவர்கள் கேட்ட கேள்வியைப் பற்றி அதன்பிறகு அவர்களோடு பேசுவது நமக்கு எளிதாக இருக்கும்.